விடுதி வாசலில் நீ சொன்ன பதில்

மந்தைவெளி,
9.11.2025, ஞாயிறு.

மாளவிகாவுக்கு,

‘அன்புள்ள மாளு’ என்று எழுதித்தான் எனக்குப் பழக்கம். இன்றும் அப்படித்தான் தொடங்கினேன். பிறகு அந்தத் தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறு தாள் எடுத்தேன். நலமா என்று கேட்கக் கை வரவில்லை. ஆனால் நீ நலமில்லாமல் இருக்க வேண்டும் என்றும் எனக்குத் தோன்றவில்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

பதினோரு நாளாக நீ போன் செய்கிறாய், நான் எடுக்கவில்லை. அனுவின் போனுக்கும் அடித்திருக்கிறாய். “பெரியம்மா ஒரு மாதிரி பேசறாங்கம்மா, நீங்க ரெண்டு பேரும் சண்டையா?” என்று அவள் வந்து நின்றாள். கடையில் ஸ்டாக் எடுக்கிறோம், அம்மாவுக்கு நேரமில்லை என்று சொல்லச் சொன்னேன். பிள்ளையைப் பொய் சொல்ல வைத்தேன். போனில் பேசினால் நீ அழுவாய். நீ அழுதால் சின்ன வயசிலிருந்து வந்த பழக்கத்தில் நான் உன்னைத் தேற்ற ஆரம்பித்துவிடுவேன். கடைசியில் நான் என்ன கேட்க வந்தேன் என்பதே போய்விடும். இந்த ஒரு தடவை அப்படி நடக்கக் கூடாது. அதனால்தான் கடிதம்.

இங்கே மழை விட்டு விட்டுப் பெய்கிறது. மெட்ரோவுக்குத் தோண்டி வைத்திருப்பதில் நம் தெருமுனை ஒரே சேறு. என் வீட்டுக்காரர் ஆட்டோவை ரயில் நிலையத்துப் பாலத்தடியில் விட்டுவிட்டுப் பேன்ட்டை மடித்துக்கொண்டு நடந்து வருகிறார். அனுவுக்கு அரையாண்டுத் தேர்வு வருகிறது, கணக்கில்தான் பயப்படுகிறாள். இதையெல்லாம் ஏன் எழுதுகிறேன் என்று தெரியவில்லை. உனக்கு எழுத உட்கார்ந்தால் கை தானாக இப்படித்தான் போகிறது.

போனில் உன்னிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டேன். அந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்று உனக்குத் தெரியாது. அதைச் சொல்கிறேன்.

தீபாவளி முடிந்து எட்டாம் நாள். கடையில் கூட்டம் ஓய்ந்திருந்தது. மூன்றாம் மாடியில் பிரித்துப் போட்ட புடவைகளை மடித்துக்கொண்டிருந்தோம். முப்பத்தேழு முப்பத்தெட்டு வயசு இருக்கும், ஒல்லியாக ஒருவர் வந்து, “இங்க சுந்தரவல்லி யாரு?” என்று கேட்டார். நான்தான் என்றேன். யாராவது புடவையைத் திருப்பிக் கொடுக்க வந்திருப்பார்கள் என்று நினைத்தேன். அவர் கையில் எதுவும் இல்லை. என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“கோமளா செத்துட்டாங்க. ஆடி மாசம். உங்ககிட்ட வந்து சொல்லணும்னு எனக்குத் தலையெழுத்து இல்ல. ஆனா சொல்லாம வுட்டா நானும் உங்கள மாதிரி ஆயிடுவேன்.”

கோமளா என்ற பெயரை அதற்கு முன் வாயால் யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. பத்தாம் வகுப்புப் படிவத்தில் ‘தாயார் பெயர்’ என்ற இடத்தில் நம் அநாதை இல்லத்து ஆபீசில் பார்த்து எழுதிக்கொண்டேனே, அவ்வளவுதான். எனக்கு அது அம்மா. ஐந்து வயதில் என்னை அடையாறு இல்லத்தின் வாசற்படியில் உட்கார வைத்துவிட்டு, “இது பள்ளிக்கூடம்டா, ஞாயித்துக்கெழம ஞாயித்துக்கெழம வருவேன்” என்று சொல்லிப் போன அம்மா. ஏழெட்டு ஞாயிறு வந்தாள். அப்புறம் வரவில்லை. அவள் எப்போதோ செத்திருப்பாள் என்று இத்தனை வருஷமாக நினைத்துக்கொண்டிருந்தவளிடம், மூன்று மாதத்துக்கு முன்பு செத்தாள் என்று ஒருவர் வந்து சொல்கிறார்.

சூப்பர்வைசரிடம் சொல்லிவிட்டு அவரை மாடிப்படிக்கு அழைத்துப் போனேன். அவர் பெயர் ஸ்ரீகிருஷ்ணா. கோமளாவின் மகன். அதாவது என் தம்பி. நான் அழுததைப் பார்த்து அவருக்குக் கோபம்தான் வந்தது. “இன்னா இப்ப அழுவுறீங்க? உயிரோட வந்து நின்னப்ப வேணாம்னுட்டு?” என்றார்.

எனக்குப் புரியவில்லை. யார் வந்து நின்றது, எப்போது, எங்கே என்று கேட்டேன். நான் நடிக்கிறேன் என்று நினைத்திருப்பார். ஆனாலும் சொன்னார். இரண்டாயிரத்து மூன்றில் அவருடைய அப்பா இறந்த மூன்றாம் மாதம், அம்மா நம் இல்லத்துக்குப் போய்க் கேட்டிருக்கிறாள். அவர்கள் தி. நகர் விடுதி விலாசத்தைக் கொடுத்திருக்கிறார்கள். விடுதிக்கு வந்திருக்கிறாள். நான் வேலைக்குப் போயிருந்தேன். என்னுடன் தங்கியிருந்த ஒரு பெண் வாசலுக்கு வந்திருக்கிறாள். மறுபடி வாருங்கள், வல்லியிடம் கேட்டு வைக்கிறேன் என்று அனுப்பியிருக்கிறாள். மறு வாரம் வந்தபோது அந்தப் பெண்ணே அம்மாவைத் தெருமுனை டீக்கடைக்கு அழைத்துப் போய் டீ வாங்கிக் கொடுத்து, கையைப் பிடித்துக்கொண்டு சொல்லியிருக்கிறாள்: “அவ உங்களப் பார்க்க விரும்பல. அம்மா செத்துப்போயிட்டாங்கன்னு நெனச்சுட்டேன், இனிமே வர வேணாம்னு சொல்லிட்டா.”

“அந்தப் பொண்ணு நல்ல பொண்ணாம். அதுவே அழுதுச்சாம். அம்மா அப்பப்போ சொல்லும்,” என்றார் ஸ்ரீகிருஷ்ணா. “நர்ஸுக்குப் படிக்கிற பொண்ணு. வெள்ளைக் கோட்டு. கழுத்துல சுட்ட தழும்பு.”

இல்லத்துச் சமையலறையில் உன் மேல் கஞ்சி கொட்டிய தழும்பு. ஒன்பது வயதில் அதற்கு ஈரத்துணி போட்டு விசிறிக்கொண்டு ராத்திரி முழுக்க உட்கார்ந்திருந்தவள் நான். எனக்கு அதில் சந்தேகம் வருமா?

ஆனாலும் வந்தது, மாளவிகா. அன்று வீட்டுக்கு வரும் வழியெல்லாம், வேறு யாராவது இருக்கும், அம்மாவுக்கு நினைவு பிசகியிருக்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு வந்தேன். மறுநாள் உனக்குப் போன் செய்தேன். ஹாஸ்டலில் இருந்தபோது என்னைத் தேடி யாராவது வந்தார்களா என்று கேட்டேன். நீ இல்லை என்று சொல்லவில்லை. யார் என்று கேட்கவில்லை. “உனக்கு யாரு சொன்னா?” என்றாய். அந்த மூன்று வார்த்தையில் எல்லாம் முடிந்துவிட்டது. போனை வைத்துவிட்டேன்.

போன ஞாயிறு திருவல்லிக்கேணிக்குப் போய்விட்டு வந்தேன். என் வீட்டுக்காரரும் வந்தார். மந்தைவெளியில் ரயில் ஏறினால் நாலாவது ஸ்டேஷன். ஏறி உட்கார்ந்து கைப்பையைச் சரிசெய்வதற்குள் வந்துவிடுகிறது. ஒரு மேன்ஷனுக்குப் பின்னால் மாடியில் இரண்டு அறை. கீழே இருந்த மெஸ்ஸில்தான் அம்மா இருபது வருஷமாகச் சமைத்திருக்கிறாள். மேன்ஷன் பையன்கள் அவளை ‘கோமாம்மா’ என்று கூப்பிடுவார்களாம். ஊர்ப்பிள்ளைகள் எல்லாம் அம்மா என்று கூப்பிட்டிருக்கிறார்கள்.

படத்தில் பார்த்தேன். என் மூக்கு. அனுவின் நெற்றி. பக்கத்தில் நின்றிருந்த என் வீட்டுக்காரர், “வல்லி, உன்ன மாதிரியே கீறாங்களே” என்றார். எனக்கு அழுகை வரவில்லை. யாரோ ஒரு அம்மாளைப் பார்ப்பது போலத்தான் இருந்தது. அதுதான் பயமாக இருந்தது.

ஸ்ரீகிருஷ்ணாவின் மனைவி ஷண்முகப்ரியா பீரோவிலிருந்து ஒரு புடவையை எடுத்து வந்து காட்டினாள். நீலச் சுங்குடி, மஞ்சள் கரை. எங்கள் கடைப் புடவை. எங்கள் மாடிப் புடவை. அம்மாவுக்கு நான் எங்கே வேலை செய்கிறேன் என்று விடுதி வாட்ச்மேன் மூலமாகத் தெரிந்திருக்கிறது. நான்தான் வேண்டாம் என்று சொன்னதாக நினைத்தாளே, அதனால் யார் என்று காட்டிக்கொள்ளவில்லை. வருஷா வருஷம் தீபாவளிக்கு முன்னால் கூட்டத்தோடு கூட்டமாக மாம்பலத்தில் இறங்கி நடந்து வந்து, மூன்றாம் மாடியில் கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டுப் போவாளாம். ஒரே ஒரு வருஷம் தைரியம் வந்து என் முன்னாலேயே உட்கார்ந்து இந்தப் புடவையை வாங்கியிருக்கிறாள். அன்று வீட்டுக்கு வந்து மருமகளிடம் சொன்னாளாம், “இன்னிக்கு அவ என்னை அம்மான்னு கூப்டா” என்று.

நாங்கள் எல்லாரையும் அப்படித்தானே கூப்பிடுவோம்? வாங்கம்மா, என்னம்மா பாக்கறீங்க, இதுல வேற கலர் காட்டட்டுமாம்மா. ஒரு நாளைக்கு எத்தனை பேர். எட்டு நாளாக நான் ஒவ்வொரு முகமாக நினைத்துப் பார்க்கிறேன். ஒரு முகமும் ஞாபகம் வரவில்லை. என்ன பேசினேன், சிரித்தேனா, கால் வலியில் சிடுசிடுத்தேனா, ஒன்றும் தெரியவில்லை. இனித் தெரியவும் போவதில்லை.

சரி, உன்னிடம் வருகிறேன்.

அம்மா இரண்டாம் தடவை வந்துபோன அந்த மாதம்தான் நீ, “ஹாஸ்டல் சாப்பாடு வயித்துக்கு ஒத்துக்கல வல்லி, நாம தனியா ரூம் எடுக்கலாம்” என்றாய். நான்கு நாள் அலைந்து மந்தைவெளியில் அந்த ஒற்றை அறையைப் பிடித்தாய். நம்முடைய முதல் வீடு. வாழ்க்கையில் முதல் தடவையாக நம் கையில் ஒரு சாவி. ஆளுக்கு ஒன்று வேண்டும் என்று லஸ் முனையில் போய் இன்னொரு சாவி போட்டுக்கொண்டு வந்தோம். ஒரே ஒரு பாத்திரத்தில் சாதம் வடித்து, அதையே கழுவி ரசம் வைத்தோம். கதவைத் தாழ் போட்டுவிட்டு, இனிமேல் மணி அடிச்சா எழுந்திருக்க வேண்டாம், வரிசையில் நிற்க வேண்டாம் என்று நீ குதித்தாய். என் வாழ்க்கையிலேயே நல்ல நாள் எது என்று யார் கேட்டாலும் அந்த நாளைத்தான் சொல்வேன். அனு பிறந்த நாளைக்கூட இரண்டாவதாகத்தான் சொல்வேன்.

அது வீடு இல்லை. என் அம்மா என்னைத் தேடி வந்துவிடக் கூடாது என்று நீ என்னைக் கொண்டுபோய் ஒளித்து வைத்த இடம். நான் தெரியாமல் கோலம் போட்டுக்கொண்டிருந்தேன்.

நானும் ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். பதினைந்து வயதில் நான் சொன்னேன்: “அவ வந்தாலும் நான் பாக்க மாட்டேன், செத்துட்டான்னு நெனச்சுப்பேன்.” நீ அதைத்தான் அவளிடம் சொல்லியிருக்கிறாய். வார்த்தை என்னுடையதுதான். ஆனால் எப்போது சொன்னேன்? பார்வையாளர் ஞாயிறன்று தலை பின்னி, பூ வைத்து, சாயங்காலம் வரை வாசலில் உட்கார்ந்துவிட்டு உள்ளே வந்து சொன்னேன். பக்கத்தில் நீயும் உட்கார்ந்திருந்தாய். அடுத்த ஞாயிறும் நான் போய் உட்கார்ந்ததை நீ பார்க்கவில்லையா? அதை ஏன் அவளிடம் சொல்லவில்லை?

நீ ஏன் செய்தாய் என்று எனக்குத் தெரியும். அது தெரியாதவளாக இருந்திருந்தால் உன்னை இரண்டு திட்டு திட்டிவிட்டுத் தூங்கியிருப்பேன். உன்னை ஆஸ்பத்திரித் தொட்டிலில் விட்டுப் போனார்கள். உனக்குப் பெயர் வைத்ததே இல்லம்தான். உன்னைத் தேடி யாரும் வர முடியாது என்று உனக்குத் தெரியும். உனக்கு இருந்தது நான் ஒருத்தி. அம்மா வந்தால் நான் போய்விடுவேன் என்று பயந்துவிட்டாய். பைத்தியமே, உன்னை விட்டுவிட்டா போயிருப்பேன்? அந்த இரண்டு அறையில் உனக்கும் சேர்த்துத்தானே பாய் போட்டிருப்பேன்?

என் வீட்டுக்காரரும் இதையேதான் சொன்னார். “அதுவும் அநாதப் பொண்ணுதானே, பயந்துகினு சொல்லிட்டிருக்கும்.” எனக்கு அவர் மேல் கோபம் வந்தது. பிறகு அவரே கொஞ்ச நேரம் கழித்து, “ஒரு நாள் பயந்துச்சு, சரி. இருபத்திரண்டு வருசம் இன்னாத்துக்கு வாயத் தொறக்கல?” என்றார். அதற்கு உன்னிடம் பதில் இருக்கிறதா?

என் கல்யாணத்தில் பெண்ணின் அம்மா உட்கார வேண்டிய இடத்தில் உன்னை உட்கார வைத்தார்கள். அத்தனை பேரும் கண் கலங்கினார்கள். நீயும் அழுதாய். அப்போது அவள் திருவல்லிக்கேணியில் யாருக்கோ சாம்பார் வைத்துக்கொண்டிருந்தாள். அனு பிறந்தபோது பிரசவ அறையில் நீதான் என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாய். அம்மா, அம்மா என்று நான் கத்தினேன். எத்தனை தடவை கத்தினேன்! நீ நெற்றியைத் துடைத்துவிட்டு, “நான் இருக்கேன்டி” என்றாய். அப்போதாவது உன் வாயில் வந்திருக்க வேண்டாமா? இன்றைக்கு அயர்லாந்தில் யார் யாருடைய அம்மாவையோ குளிப்பாட்டித் தலை வாரி விடுகிறாய். ஒரு நாள்கூட உனக்குத் தோன்றவில்லையா?

இதற்கு மேல் இன்று எழுத முடியவில்லை.

திங்கள்.

நேற்று எழுதியதைப் படித்துப் பார்த்தேன். குளிப்பாட்டுவதைப் பற்றி எழுதிய வரியை அடித்துவிடலாமா என்று நினைத்தேன். அடிக்கவில்லை. எனக்கு அவ்வளவு கோபம் இருக்கிறது என்று நீ தெரிந்துகொள்ள வேண்டும்.

அம்மா மேலும் எனக்குக் கோபம் இருக்கிறது. இரண்டாம் புருஷன் பெண்பிள்ளை வேண்டாம் என்றாராம், விட்டுவிட்டாளாம். அதை அவளிடம் கேட்டுச் சண்டை போட்டிருக்க வேண்டும். நான் கத்தியிருப்பேன், அவள் அழுதிருப்பாள், ஒரு மாதம் பேசாமல் இருந்திருப்போம், அப்புறம் ஒரு நாள் பேசியிருப்போம். எல்லா வீட்டிலும் அம்மாவும் பெண்ணும் செய்வதுதானே? அந்தச் சண்டையைப் போட எனக்கு ஆள் இல்லாமல் போய்விட்டது.

இப்போது நான் எதற்காக எழுதுகிறேனோ அதைச் சொல்கிறேன்.

அம்மா படத்துக்கு முன்னால் நின்று ஸ்ரீகிருஷ்ணாவிடம் சொன்னேன்: அம்மா வந்ததே எனக்குத் தெரியாது, அந்த வார்த்தையை நான் சொல்லி அனுப்பவில்லை என்று. அவர் மரியாதை இல்லாமல் எதுவும் பேசவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, “இப்ப அம்மா இல்ல. நீங்க என்னா வேணா சொல்லலாம்” என்றார். ஷண்முகப்ரியா அந்தப் புடவையை ஒரு பையில் போட்டு என்னிடம் நீட்டினாள். “அது இங்கயே இருக்கட்டும்” என்று ஸ்ரீகிருஷ்ணா சொல்லிவிட்டார். சாப்பிட்டுவிட்டுப் போங்கள் என்று அவள் சொன்னாள். அவர் சொல்லவில்லை. நாங்கள் கிளம்பி வந்துவிட்டோம்.

அவர் மேல் தப்பில்லை. அம்மா தீபாவளிக்குத் தீபாவளி முகம் வாடித் திரும்பி வந்ததைப் பார்த்து வளர்ந்தவர். நான் கல்நெஞ்சக்காரி என்றுதான் அந்த வீட்டில் எல்லாருக்கும் தெரியும். அம்மாவும் அப்படித்தான் நினைத்துக்கொண்டு போய்ச் சேர்ந்தாள். அவளிடம் இனி யாரும் போய்ச் சொல்ல முடியாது. ஆனால் அவள் பெற்ற இன்னொரு பிள்ளை இருக்கிறது. அவரிடம் சொல்லலாம். நான் சொன்னால் அவர் நம்ப மாட்டார். இந்த உலகத்தில் அதைச் சொல்லக்கூடிய ஆள் நீ ஒருத்திதான்.

ஜனவரியில் வருவதற்கு டிக்கெட் எடுத்திருக்கிறாய். ரத்து செய்துவிடாதே. பயந்துகொண்டு இருந்துவிடாதே. வந்ததும் நேராகத் திருவல்லிக்கேணிக்கு என்னுடன் வா. உன் கழுத்துத் தழும்பை அவர் பார்க்கட்டும். அம்மா படத்துக்கு முன்னால் நின்று, “உங்க அக்கா அப்படிச் சொல்லல, நான்தான் சொன்னேன்” என்று உன் வாயால் சொல். காரணம் சொல்ல வேண்டாம். என்னிடம் மன்னிப்புக் கேட்கவும் வேண்டாம், கேட்டால் என்ன சொல்வேன் என்று எனக்கே தெரியாது. அதை மட்டும் சொல்.

சொன்ன பிறகு அவர் உன்னைத் திட்டலாம். கையைக்கூட ஓங்கலாம். நான் பக்கத்தில் நிற்பேன். அது மட்டும் நிச்சயம்.

அதற்கப்புறம் நீ எங்கே தங்குவாய், நமக்குள் என்ன ஆகும் என்பதெல்லாம் நான் இன்னும் முடிவு செய்யவில்லை. அனுவிடம் ஒன்றும் சொல்லவில்லை. பெரியம்மா வருகிறாள் என்று இப்போதே மெத்தை விரிப்பைத் துவைத்து மாடியில் காயப்போட்டிருக்கிறாள். மழை வருகிற மாதிரி இருட்டிக்கொண்டு வந்ததும் ஓடிப்போய் எடுத்து வந்து மடித்து வைத்தது நான்தான்.

அங்கே குளிர் அதிகமாகிவிட்டது என்று அனு போனில் பார்த்துச் சொன்னாள். இரவு வேலைக்குப் போகும்போது காதை நன்றாக மூடிக்கொண்டு போ. உனக்குச் சளி பிடித்தால் லேசில் விடாது. உடம்பு நல்லபடியாக இருந்து வந்து சேர். வந்துவிடு, மாளு.

வல்லி